கண்ணில் பட்ட அடியும் காலங்கடந்து வரும் புரையும்

கை முறிந்தால் கட்டுப் போடுகிறோம். கால் வெட்டுப்பட்டால் ரத்தத்தைப் பார்த்துப் பத்துப் பேர் ஓடி வருகிறார்கள். ஆனால் கண்ணில் அடிபட்டால்? "என்னாண்ணே, கண்ணு செவந்து கெடக்கு?" என்று ஒருவர் கேட்பார். "ஒண்ணுமில்லப்பா, மட்டை பட்டுருச்சு. ரெண்டு நாள்ல சரியாயிடும்" என்று இவர் சொல்வார். அதோடு பேச்சு முடிந்துவிடும். சிவப்பும் மறைந்துவிடும், வலியும் போய்விடும். ஆனால் விஷயம் முடிந்ததா என்றால், பல பேருக்கு அங்கேதான் தொடங்குகிறது.

அடிபட்ட கண்ணில் புரை விழும். சிலருக்குச் சில மணி நேரத்தில், சிலருக்குச் சில மாதத்தில், இன்னும் சிலருக்குப் பல ஆண்டுகள் கழித்து. இதனால் போவது பார்வை மட்டுமல்ல. காலம் தாமதித்து வருவதால் நஷ்டஈடும் கைநழுவிப் போகிறது. ஆகவே இந்த வாரம் நம் பகுதியில் இதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே பேசுவோம். பொறுமையாகப் படியுங்கள். படிக்கத் தெரியாத பெரியவர்கள் வீட்டில் இருந்தால் வாசித்துக் காட்டுங்கள்.

'பூ விழுந்துருச்சு' என்றால் என்ன?

நம்மவர்கள் கண்ணில் வெள்ளையாக எது தெரிந்தாலும் 'பூ விழுந்துருச்சு' என்று சொல்லிவிடுவது வழக்கம். இதில் இரண்டு வேறு சங்கதிகள் கலந்து கிடக்கின்றன. கண்ணின் முன்புறத்தில் கண்ணாடி போல் மூடியிருக்கும் கருவிழியில் காயம் பட்டு, அது ஆறும்போது ஏற்படும் வெள்ளைத் தழும்பு ஒன்று. கண்ணுக்கு உள்ளே, பாப்பாவுக்குப் பின்னால் இருக்கும் 'லென்ஸ்' மங்கிப் போவது மற்றொன்று. இந்த இரண்டாவதுதான் கண்புரை. இரண்டுக்கும் வைத்தியம் வெவ்வேறு.

லென்ஸ் என்பது ஒரு சிறு நுங்குச் சுளை மாதிரி. பளிங்கு போல் தெளிவானது. மெல்லிய உறை ஒன்றுக்குள் இருக்கிறது. முடியைவிட மெலிந்த இழைகள் அதைச் சுற்றிலும் பிடித்துத் தொங்கவிட்டிருக்கின்றன. வெளிச்சத்தைக் குவித்து உள்ளே இருக்கும் விழித்திரையில் விழச் செய்வது இதன் வேலை. முட்டையின் வெள்ளைக்கரு பச்சையாக இருக்கும்போது தெளிவாக இருக்கிறது. வெந்தால் வெளுத்துவிடுகிறது அல்லவா? வெளுத்த பிறகு அதை மறுபடி தெளிவாக்க யாராலும் முடியாது. லென்ஸும் அப்படியே. ஆகவே, "இந்தச் சொட்டு மருந்து போட்டாப் புரை கரைஞ்சிடும்" என்று யாராவது விற்க வந்தால் நம்ப வேண்டாம். புரையைக் கரைக்கிற மருந்து கிடையாது.

முதுமையில் வரும் புரை மெள்ள மெள்ள, பெரும்பாலும் இரண்டு கண்ணிலும் வரும். அடிபட்டு வரும் புரை அடிபட்ட கண்ணில் மட்டும் வரும். கூர்மையான பொருள் குத்தி லென்ஸின் உறை கிழிந்தால், கண்ணுக்குள் இருக்கும் நீர் உள்ளே புகுந்து லென்ஸ் ஊதி, சீக்கிரமே வெளுத்துவிடும். குத்தாமல் மொட்டையாக அடி விழுந்தால், வெளியே கீறல்கூட இருக்காது. ஆனால் அதிர்ச்சி உள்ளே போய் லென்ஸைத் தாக்கும். அப்படி வரும் புரை பல சமயம் இதழ் விரித்த பூவைப் போன்ற வடிவில் இருக்கும். டாக்டர்கள் கருவி வழியே பார்த்தால் இந்த அடையாளத்தைக் கண்டுகொள்வார்கள். இதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

நம் வேலையில் எங்கே ஆபத்து?

ரப்பர்க் காட்டில் பால் வெட்டிய காலத்தில் கண் பெரும்பாலும் நேராகவோ கீழாகவோதான் பார்த்தது. செம்பனை வந்த பிறகு நிலைமை மாறிவிட்டது. 1917-இல் கோலசிலாங்கூர் தென்னமரம் தோட்டத்தில் வியாபார முறையில் தொடங்கிய செம்பனை, 1960-க்குப் பிறகு ரப்பர் மரங்களைத் தள்ளிவிட்டு நாடு முழுவதும் பரவியது. உயர்ந்த மரத்தில் நீண்ட கழியில் அரிவாளைக் கட்டிக் குலை வெட்டுகிற தொழிலாளி நாள் முழுவதும் அண்ணாந்து பார்க்கிறார். மட்டையின் முள், காய்ந்த பூத்தூள், உதிரும் பழம், எறும்பு, தூசு எல்லாம் அவர் முகத்தைத் தேடித்தான் வருகின்றன.

புல் வெட்டும் மெஷின் இன்னொரு எமன். சுழலும் தகடு சிறு கல்லையோ கம்பித் துண்டையோ தட்டினால் அது தோட்டா மாதிரி பறக்கும். பிடித்திருப்பவருக்கு மட்டுமல்ல, பக்கத்தில் நடந்து போகிறவருக்கும் ஆபத்து. தோட்டங்கள் துண்டாடப்பட்ட பிறகு பட்டணத்துக்கு வந்து, காண்ட்ராக்டர்களிடம் சாலையோரப் புல் வெட்டிப் பிழைக்கும் நம்மவர்கள் எத்தனை பேர்! அவர்களும் இதைக் கவனிக்க வேண்டும்.

அரிவாளைச் சாணைக்கல்லில் தீட்டும்போதும், இரும்பை இரும்பால் அடிக்கும்போதும் சிறு துணுக்கு தெறித்துக் கண்ணுக்குள் பாய்ந்துவிடும். பாயும்போது எறும்பு கடித்த மாதிரிதான் இருக்கும். ஆனால் இரும்பு உள்ளேயே தங்கிவிட்டால் துருப்பிடித்து, லென்ஸையும் விழித்திரையையும் நாளடைவில் நாசமாக்கும்.

பால் ஸ்டோரில் வேலை செய்கிறவர்களுக்கு அம்மோனியா ஓர் ஆபத்து. அமிலம் பட்டால் எரிச்சல் உடனே தெரியும். அம்மோனியா போன்ற காரப் பொருளோ கண்ணுக்குள் ஆழமாக ஊடுருவிப் போகும். கருவிழியோடு நிற்காமல் லென்ஸையும் தாக்கும்.

குழந்தைகளையும் மறந்துவிடக் கூடாது. கில்லி, கவண், தீபாவளிப் பட்டாசு இவையெல்லாம் பிள்ளைகளின் கண்ணைப் பறித்திருக்கின்றன. சுமார் எட்டு வயதுக்குள் இருக்கும் பிள்ளைக்குப் புரை விழுந்து கவனிக்காமல் விட்டால், மூளை அந்தக் கண்ணைப் பயன்படுத்தவே பழகாமல் போய்விடும். பிறகு ஆப்பரேஷன் செய்தாலும் முழுப்பார்வை கிடைப்பது கடினம். பிள்ளை விஷயத்தில் ஒரு நாள்கூடத் தள்ளிப் போடாதீர்கள்.

ஒரு தோழரின் கதை

பெயரும் தோட்டமும் வேண்டாம். நாற்பதைத் தொடாத ஒரு குலை வெட்டும் தோழர். மட்டை ஒன்று சரிந்து விழுந்து இடது கண்ணில் அடித்தது. இமை வீங்கிக் கண் மூடிக்கொண்டது. கிளினிக்கில் சொட்டு மருந்து கொடுத்தார்கள். இரண்டு நாள் வீட்டில் இருந்தார். மூன்றாம் நாள் பெரட்டுக்கு வந்துவிட்டார். "வேலைக்குப் போகலேன்னா சம்பளம் யாரு குடுப்பா?" என்பது அவர் நியாயம். விபத்து என்று யாரும் எங்கும் எழுதவில்லை.

இரண்டு வருடம் கழித்து, குலைக் காம்பில் அரிவாள் சரியாக மாட்டவில்லை. இங்கே வெட்டினால் அங்கே படுகிறது. 'கை தளர்ந்து போச்சு' என்று மண்டோர் கேலி பேசினார். கை தளரவில்லை, கண்தான் போயிருந்தது. தூரத்தை மட்டுக்கட்ட இரண்டு கண்ணும் சேர்ந்து வேலை செய்ய வேண்டும். ஒரு கண் மங்கினால் கழியின் முனை எங்கே இருக்கிறது என்ற கணக்கே தப்பிவிடும். அவருக்கோ இரண்டு கண்ணையும் திறந்து பார்க்கும்போது நல்ல கண் குறையை மறைத்துவிட்டது. வலது கண்ணில் தூசு விழுந்து அதைப் பொத்திய ஒரு நாளில்தான், இடது கண்ணில் வெறும் பனிமூட்டம் என்று தெரிந்துகொண்டார்.

பெரிய ஆஸ்பத்திரியில் புரை என்றார்கள். நஷ்டஈடு கேட்டபோது ஆபீஸில் வந்த பதில் என்ன? "எந்த ஆக்சிடெண்ட்? ரெக்கார்டு இல்லையே! வயசானா எல்லாருக்கும் வர்றதுதானே?" நாம் அவரோடு போனோம். வலது கண் பளிச்சென்று இருக்க, இடது கண்ணில் மட்டும் புரை. அதுவும் பூ வடிவத்தில். பாப்பாவின் ஓரத்தில் பழைய கிழிசல் அடையாளம். இதையெல்லாம் டாக்டர் தம் அறிக்கையில் எழுதிக் கொடுத்தார். பழைய செக்ரோலைப் புரட்டினோம். அந்த இரண்டு நாளும் பேர் போடவில்லை. கூட வேலை செய்த இருவர் எழுதிக் கையெழுத்துப் போட்டார்கள். பல மாதம் நடையாய் நடந்த பிறகே கேஸ் ஏற்கப்பட்டது.

அடிபட்ட அன்றே ஒரு தாள் எழுதியிருந்தால் இத்தனை அலைச்சல் எதற்கு? அதைத்தான் நாம் திரும்பத் திரும்பச் சொல்கிறோம்.

அடிபட்டவுடன் என்ன செய்வது?

முதலாவது, கண்ணைத் தேய்க்காதீர்கள், அழுத்தாதீர்கள். கண் கிழிந்திருந்தால் அழுத்துகிற அழுத்தத்தில் உள்ளே இருப்பது வெளியே வந்துவிடும்.

இரண்டாவது, முள்ளோ கம்பியோ குத்தி நின்றால் அதைப் பிடுங்காதீர்கள். சுத்தமான காகிதக் குவளை ஒன்றைக் கண்ணைத் தொடாதபடி மேலே கவிழ்த்து, லேசாக ஒட்டி, உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கள். உடனடி ஆப்பரேஷன் தேவைப்படலாம் என்பதால் போகும் வழியில் சோறு தண்ணீர் கொடுக்க வேண்டாம்.

மூன்றாவது, மருந்துத் தண்ணீரோ அம்மோனியாவோ பட்டால் கதை வேறு. அங்கே ஒரு நிமிடமும் வீணாக்கக் கூடாது. ஓடும் சுத்தமான தண்ணீரில் இமையை விரித்துப் பிடித்துக் குறைந்தது 15 நிமிடமாவது கழுவ வேண்டும். காரப் பொருளுக்கு 30 நிமிடம்கூட வேண்டியிருக்கும். கழுவிவிட்டுத்தான் ஆஸ்பத்திரி.

நான்காவது, தாய்ப்பால், இலைச்சாறு, தேன் எதையும் ஊற்றாதீர்கள். அன்போடு செய்வதுதான், ஆனால் கிருமி சேர்ந்துவிடும். மட்டை, முள் போன்ற செடிகொடிப் பொருள் பட்ட காயத்தில் காளான் வகைக் கிருமி குடியேறும், அது பொல்லாதது. பக்கத்து வீட்டில் மிச்சம் வைத்த சொட்டு மருந்தும் வேண்டாம். அதில் ஸ்டீராய்டு இருந்தால் எரிகிற தீயில் எண்ணெய் ஊற்றின கதைதான்.

இரும்புத் துணுக்கு தெறித்ததாகச் சந்தேகம் இருந்தால் டாக்டரிடம் வாய்விட்டுச் சொல்லுங்கள். எக்ஸ்ரே அல்லது சி.டி. ஸ்கேன் எடுத்துப் பார்ப்பார்கள். காந்தத்தால் இயங்கும் எம்.ஆர்.ஐ. ஸ்கேன் அப்படிப்பட்டவருக்கு ஆகாது. உள்ளே இருக்கும் இரும்பு நகர்ந்துவிடும்.

சிகிச்சை பற்றிப் பயம் வேண்டாம்

கண் கிழிந்திருந்தால் முதலில் அதைத் தைப்பார்கள். புரையை அப்போதே எடுப்பதா, வீக்கம் தணிந்த பிறகா என்பது டாக்டரின் முடிவு. மங்கிய லென்ஸை உடைத்து உறிஞ்சி எடுத்துவிட்டு, அந்த இடத்தில் செயற்கை லென்ஸைப் பொருத்துவார்கள். வயதினால் வரும் புரைக்குச் செய்வதைவிட இது சற்றுச் சிக்கலானது. லென்ஸைப் பிடித்திருக்கும் இழைகள் அறுந்திருக்கலாம், உறை கிழிந்திருக்கலாம். அப்படியானால் கூடுதல் வேலை உண்டு. இரண்டாவது ஆப்பரேஷனும் தேவைப்படலாம். விழித்திரை நன்றாக இருந்தால் நல்ல பார்வை திரும்பும். விழித்திரையோ கருவிழியோ கெட்டிருந்தால் அந்த அளவுக்குக் குறையும். இதை முன்கூட்டியே டாக்டரிடம் கேட்டுத் தெரிந்துகொள்வது நல்லது.

அந்தக் காலத்தில் லென்ஸை எடுத்துவிட்டு, சோடாபுட்டி கண்ணாடி ஒன்றை மாட்டி அனுப்பினார்கள். ஒரு கண்ணில் மட்டும் ஆப்பரேஷன் செய்துகொண்டவருக்கு அது உதவவில்லை. ஒரு கண்ணில் பெரிதாகவும் மறு கண்ணில் சிறிதாகவும் தெரிந்து தலை சுற்றும். செயற்கை லென்ஸ் வந்துதான் அந்தத் தொல்லை தீர்ந்தது.

அந்த லென்ஸ் பிறந்த கதையும் கண்ணில் அடிபட்ட ஒருவரின் கதைதான். 1940-இல் இரண்டாம் உலக யுத்தத்தில் கார்டன் கிளீவர் என்ற பிரிட்டிஷ் விமானி, அவசரத்தில் பாதுகாப்புக் கண்ணாடி மாட்டாமல் விமானம் ஏறினார். விமானத்தின் பிளாஸ்டிக் மூடி சுடப்பட்டு நொறுங்கி, துணுக்குகள் இரண்டு கண்ணிலும் பாய்ந்தன. ஒரு கண் போயிற்று. இன்னொரு கண்ணில் துணுக்குகள் தங்கியும் கண் அவற்றை வெறுத்து ஒதுக்கவில்லை. இதைக் கவனித்த ஹெரால்ட் ரிட்லி என்ற டாக்டர், அதே வகைப் பிளாஸ்டிக்கில் லென்ஸ் செய்து, 1949 நவம்பர் 29-இல் லண்டன் செயின்ட் தாமஸ் ஆஸ்பத்திரியில் ஒரு நோயாளிக்கு முதன்முதலாகப் பொருத்தினார். பெரிய டாக்டர்கள் பலர் அவரைப் பல காலம் எதிர்த்தார்கள். இன்று உலகம் முழுவதும் அந்த வழிதான். கிளீவருக்கே 1987-இல் மிச்சமிருந்த கண்ணில் புரை விழுந்தபோது இந்த லென்ஸ்தான் பார்வையைத் திருப்பிக் கொடுத்தது.

ஆப்பரேஷன் முடிந்தவுடன் எல்லாம் முடிந்துவிடவில்லை. சொட்டு மருந்தை நேரம் தவறாமல் போட வேண்டும். பாரம் தூக்குவதும் தூசியில் வேலை செய்வதும் டாக்டர் அனுமதித்த பிறகே. அடிபட்ட கண்ணில் பல ஆண்டு கழித்துக்கூடக் கண்ணழுத்தம் ஏறக்கூடும். ஆகவே வருடம் ஒரு முறை அழுத்தம் பார்த்துக்கொள்ளுங்கள். கண்முன் திடீரென்று கரும்புள்ளிகள் பறந்தால், மின்னல் போல் வெட்டினால், திரை இறங்குவது போல் தெரிந்தால், அன்றே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். அது விழித்திரை கழலுவதன் அறிகுறி. அதேபோல், குத்துக் காயம் பட்ட கண்ணால் அபூர்வமாக நல்ல கண்ணிலும் அழற்சி வரும். நல்ல கண் சிவந்து மங்கினாலும் சும்மா இருக்காதீர்கள்.

உரிமை என்ன?

1969-ஆம் ஆண்டுச் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தின்படி 1971-இல் தொடங்கியது சொக்சோ. இன்று பெர்கேசோ என்கிறோம். வேலையில் ஏற்பட்ட காயத்துக்குச் சிகிச்சை, தற்காலிக ஊனத் தொகை, நிரந்தர ஊனத் தொகை எல்லாம் அதில் உண்டு. விபத்தை 48 மணி நேரத்துக்குள் அறிவிப்பது முதலாளியின் கடமை. எம்.சி. 4 நாளுக்குக் குறையாமல் இருந்தால் கணக்கிட்ட தினச் சம்பளத்தில் 80 விழுக்காடு கிடைக்கும். கண்பார்வை இழப்புக்குச் சட்ட அட்டவணையிலேயே இடம் இருக்கிறது. 60 வயதைத் தாண்டி வேலை செய்கிறவர்களுக்கும் வேலையிடக் காயப் பாதுகாப்பு உண்டு. நம்மோடு வேலை செய்யும் வெளிநாட்டுத் தோழர்களும் 2019 ஜனவரி முதல் இதில் சேர்க்கப்பட்டிருக்கிறார்கள். அவர்களுக்கு மொழி தெரியாது. நாம்தான் எடுத்துச் சொல்ல வேண்டும்.

ஆகவே கண்ணில் எந்த அடி பட்டாலும், சின்னதோ பெரியதோ, இதைச் செய்யுங்கள். அன்றே மண்டோரிடமும் ஆபீஸ் கிராணியிடமும் சொல்லிப் பதிவு செய்யச் சொல்லுங்கள். தேதி, நேரம், இடம், எந்தக் கண், எது பட்டது, யார் பார்த்தார்கள் என்று நீங்களும் ஒரு தாளில் எழுதி வையுங்கள். கிளினிக்கில் 'கண் சிவப்பு' என்று மட்டும் எழுதவிடாதீர்கள். 'வேலையில் அடிபட்டது' என்று எழுதச் சொல்லுங்கள். எம்.சி., மருந்துச் சீட்டு எதையும் எறியாதீர்கள். ஊன அளவு குறைவாக மதிப்பிடப்பட்டதாகத் தோன்றினால் அப்பீல் உண்டு. அதற்குக் காலக்கெடுவும் உண்டு. கடிதத்தைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டாமல் உடனே சங்கத்துக்குக் கொண்டு வாருங்கள்.

வருமுன் காப்போம்

1994-ஆம் ஆண்டு வேலையிடப் பாதுகாப்பு, சுகாதாரச் சட்டம் நம் பக்கம் இருக்கிறது. சட்டப்படி கொடுக்க வேண்டிய பாதுகாப்புச் சாதனத்துக்குச் சம்பளத்தில் பிடிக்க முதலாளிக்கு உரிமை இல்லை. 2024 ஜூன் 1 முதல் நடப்புக்கு வந்த திருத்தத்தின்படி, உடனடி ஆபத்து இருக்கும் இடத்திலிருந்து விலகிக்கொள்ளவும் தொழிலாளிக்கு உரிமை உண்டு. அதேபோல் கொடுத்த சாதனத்தை மாட்டிக்கொள்வது நம் கடமை.

"கண்ணாடி போட்டா வேர்வையில மங்குதுங்க, குலையே தெரியல" என்று தோழர்கள் சொல்வது பொய்யில்லை. நிர்வாகம் மலிவான சாமானை வாங்கிக் கொடுத்துவிட்டு, 'கொடுத்தாச்சு' என்று கையெழுத்து வாங்கிக்கொண்டால் போதாது. காற்றோட்டம் உள்ள, எளிதில் உடையாத கண்ணாடி வேண்டும். கம்பி வலைக் கண்ணாடி மங்காது. பெரிய துண்டுகளைத் தடுக்கும். ஆனால் தூளையும் மருந்துத் தண்ணீரையும் தடுக்காது. எந்த வேலைக்கு எது என்று வேலை செய்கிறவரைக் கேட்டுத்தான் வாங்க வேண்டும். துடைத்து மாட்ட ஆகும் நேரத்தைக் குலைக் கணக்கில் கழித்தால் யார் மாட்டுவார்கள்? இதையும் பேச்சுவார்த்தை மேசையில் வைக்க வேண்டியது சங்கத்தின் வேலை.

செலவில்லாத சோதனை ஒன்று சொல்கிறோம். மாதத்தில் ஒரு நாள், சம்பள நாளாகவே இருக்கட்டும், சுவரில் தொங்கும் நாள்காட்டியின் முன் நில்லுங்கள். ஒரு கண்ணைப் பொத்தி மறு கண்ணால் பாருங்கள். பிறகு மாற்றிப் பாருங்கள். இரண்டுக்கும் வித்தியாசம் இருந்தால், விளக்கைச் சுற்றி வளையம் தெரிந்தால், ஒரு கண்ணால் பார்க்கும்போதே இரண்டாகத் தெரிந்தால், அரசாங்க ஆஸ்பத்திரியின் கண் பிரிவுக்குப் போங்கள். 2014-இல் நடந்த தேசியக் கண் ஆய்வு, நம் நாட்டில் 50 வயதைக் கடந்தவர்களின் பார்வை இழப்புக்குச் சிகிச்சை செய்யாத புரையே முதல் காரணம் என்று காட்டியது. வைத்தியம் இருந்தும் பார்வை போகிறது என்றால் அதைத் தலையெழுத்து என்று சொல்ல நாம் தயாராக இல்லை.

கிளைச் செயலாளர்களுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த கூட்டத்தில் ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கி, 'கண் காயப் பதிவு' என்று மேலே எழுதுங்கள். கடந்த காலத்தில் கண்ணில் அடிபட்டவர்கள் யார் யார் என்று கேட்டு முதலில் அவர்கள் பெயரைக் குறியுங்கள். அவர்களை ஒரு முறை கண் டாக்டரிடம் அனுப்புங்கள். ஆபீஸ் எழுதுகிறதோ இல்லையோ, இனி நாம் எழுதி வைப்போம்.